நிலக்கரி, உரிமம், கச்சாப் பிலிம்: எரிக் பொம்மரின் மூன்று ஆண்டுகள்

பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர் தாலுகாவில், அரசு அலுவலகங்களில் மலையாளம் நடந்தாலும் வீட்டிலும் சந்தையிலும் தமிழ் புழங்கும் கொழிஞ்சாம்பாறையில் இருந்துகொண்டு, கொல்லங்கோடு, முதலமடை, பொள்ளாச்சிப் பக்கங்களுக்குப் படப்பிடிப்புக்காக வரும் தமிழ், மலையாளக் குழுக்களுக்குப் புரொடக்‌ஷன் மேனேஜராக வேலை பார்த்து வருகிறேன். ஜெனரேட்டர் வண்டிக்கு டீசல் நிரப்பி வைப்பது, லைட்மேன்களின் பேட்டாவை அன்றன்றே கொடுத்து முடிப்பது, ரயில் நிலையத்தில் எடுப்பதென்றால் ரயில்வேயின் கடிதத்தையும் காட்டோரம் எடுப்பதென்றால் வனத்துறையின் கடிதத்தையும் முதல் நாளே கையில் வாங்கிவிடுவது என்று, திரையில் ஒருபோதும் தெரியாத காரியங்களே என் பிழைப்பு. அதனால்தானோ என்னவோ, சினிமா வரலாற்றைப் படிக்கும்போதெல்லாம் என் கவனம் இயக்குநரையும் நடிகரையும் கடந்து தயாரிப்பாளரிடம் போய் நின்றுவிடுகிறது. அப்படிப் படித்தவர்களில் எரிக் பொம்மர் என்ற ஜெர்மானியத் தயாரிப்பாளர் அளவுக்கு என் மனத்தில் இடம்பிடித்தவர் வேறொருவர் இல்லை.

1920களின் மாபெரும் ஜெர்மன் மௌனப் படங்களைத் தயாரித்தவர் என்றே உலகம் அவரை நினைவில் வைத்திருக்கிறது. அது நியாயமான நினைவுதான். ஆனால் அவர் தம் பெயரில் ஒரு படம்கூட எடுக்காத 1946 முதல் 1949 வரையிலான காலத்தையே அவருடைய வாழ்க்கையின் உச்சமாக நான் கருதுகிறேன். தோற்று, இடிந்து, நான்கு வல்லரசுகளின் மண்டலங்களாகப் பிளந்து கிடந்த ஒரு நாட்டில், மற்றவர்கள் படம் எடுப்பதற்கு வேண்டிய சூழ்நிலையை ஒரு மனிதர் உட்கார்ந்து உருவாக்கிய ஆண்டுகள் அவை.

1889 ஜூலை 20 அன்று ஹில்டெஸ்ஹைம் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்த பொம்மர், 1907இல் கோமோன் என்ற பிரெஞ்சு நிறுவனத்தின் பெர்லின் கிளையில் வேலைக்குச் சேர்ந்து, படங்களை விற்பதிலிருந்து இந்தத் தொழிலைக் கற்றுக்கொண்டவர். பிறகு எக்ளேர் என்ற இன்னொரு பிரெஞ்சு நிறுவனத்துக்காக மத்திய ஐரோப்பாவின் வியாபாரத்தைக் கவனித்தார். 1914இல் போர் மூண்டபின் 1915இல் பெர்லினில் டெக்லா என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். தாமும் படையில் சேர்ந்து காயம்பட்டுத் திரும்பினார். ஆக, போருக்குப் பிந்தைய நாட்டில் படம் எடுக்கும் அனுபவம் அவருக்கு முதலில் 1918க்குப் பின்னரே கிடைத்துவிட்டது.

அந்த முதல் மீட்சிக் காலத்தின் அடையாளம் 1920 பிப்ரவரியில் பெர்லினில் திரையிடப்பட்ட ‘டாக்டர் காலிகாரியின் அறை’. ஹெர்மன் வார்ம், வால்டர் ரைமன், வால்டர் ரோரிக் ஆகிய மூவரும் கோணல்மாணலான வீதிகளையும் சுவர்களையும் சீலையில் வர்ணத்தால் தீட்டிய அந்த அரங்கமைப்பைப் பற்றிக் கலை விமரிசகர்கள் எத்தனையோ எழுதிவிட்டார்கள். பொம்மர் தரப்பில் சொல்லப்பட்ட காரணம் ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது. மின்சாரம் பங்கீட்டில் இருந்த காலம் அது. நிறுவனத்துக்கு ஒதுக்கப்பட்ட அளவு ஏறக்குறையத் தீர்ந்திருந்த நேரத்தில், வெளிச்சத்தையும் நிழலையும் விளக்கு போட்டு உண்டாக்காமல் தூரிகையால் வரைந்துவிடும் யோசனை செலவுக்கும் ஒத்துவந்தது. கலைக் காரணங்களும் இருந்தன என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் இல்லாமையை முன்வைத்தே ஒரு யோசனைக்குச் சம்மதம் சொல்லும் துணிவு தயாரிப்பாளருக்கு உரியது, அதற்கான மதிப்பும் அவருக்கே சேர வேண்டும்.

பணவீக்கத்தையும் அவர் தலைமுறைத் தயாரிப்பாளர்கள் அப்படித்தான் எதிர்கொண்டார்கள். 1923 நவம்பரில் ஒரு டாலருக்கு 4.2 லட்சம் கோடி மார்க் என்ற நிலை வந்தது. உள்நாட்டில் மார்க்கில் கூலி கொடுத்து எடுத்த படத்தை வெளிநாட்டில் டாலருக்கோ சுவிஸ் பிராங்குக்கோ விற்றால், ஒரு சிறிய நாட்டின் உரிமையே தயாரிப்புச் செலவை ஈடுகட்டிவிடும் என்பது அன்றைய கணக்கு. மார்க் நிலைபெற்றதும் அந்தக் கணக்கு நின்றுபோனது. அதற்குள் டெக்லா, உஃபா என்னும் பெரிய நிறுவனத்தோடு இணைந்திருந்தது. பொம்மர் உஃபாவின் தயாரிப்புப் பிரிவுக்குத் தலைவராகி, முர்னாவ், ஃபிரிட்ஸ் லாங் ஆகியோரின் பெரும்படங்களை முன்னின்று நடத்தினார். ‘மெட்ரோபோலிஸ்’ படத்தின் செலவு திட்டத்தைப் பல மடங்கு தாண்டிப் போனதும், 1925 இறுதியில் உஃபா கடனுக்காக அமெரிக்க நிறுவனங்களிடம் கையேந்த நேர்ந்ததும், அவர் 1926இல் ஹாலிவுட்டுக்குப் போய் அடுத்த ஆண்டே திரும்பியதும், 1930இல் ‘நீல தேவதை’யைத் தயாரித்ததும் பலரும் எழுதியவை என்பதால் இங்கே விரிக்கவில்லை.

1933 மார்ச் 29 அன்று உஃபாவின் இயக்குநர் குழு கூடி, யூதப் பணியாளர்களை வெளியேற்றத் தீர்மானித்தது. அந்த நிறுவனத்துக்கு உலகப் புகழ் தேடித்தந்தவரின் ஒப்பந்தமும் அத்துடன் முடிந்தது. பாரிஸ், லண்டன், பிறகு மீண்டும் ஹாலிவுட் என்று அவர் அலைந்தார். 1941இல் மாரடைப்பு வந்தபின் ஸ்டூடியோ ஒப்பந்தமும் கைவிட்டுப் போக, அவரும் மனைவியும் பீங்கான் பொம்மைகளுக்கு வர்ணம் தீட்டிப் பிழைக்க வேண்டியிருந்தது. 1944இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். 1946 ஜூலையில், 57 வயதை எட்டும் தறுவாயில், அமெரிக்க ராணுவ ஆட்சியின் திரைப்படத் தயாரிப்புக் கட்டுப்பாட்டு அதிகாரியாக, தம்மைத் துரத்திய நாட்டுக்கே திரும்பி வந்தார்.

அவர் வந்து இறங்கியபோது நிலைமை எப்படி இருந்தது என்பதைத் தொழில்காரனின் கண்ணோடு பார்த்தால்தான் அந்த வேலையின் கடுமை புரியும். நேச நாட்டுப் படைகளின் சட்டம் எண் 191, உரிமம் இல்லாமல் எந்த ஜெர்மானியரும் படம் எடுக்கவோ விநியோகிக்கவோ திரையிடவோ கூடாது என்று தடுத்திருந்தது. 1942இல் கோயபல்ஸ் நாட்டின் படத்தொழில் முழுவதையும் உஃபி என்ற ஒற்றை அரசு நிறுவனமாகச் சேர்த்துவிட்டிருந்ததால், ஸ்டூடியோ, லேப், தியேட்டர் எல்லாமே பறிமுதலில் கிடந்தன. நாட்டின் மிகப் பெரிய ஸ்டூடியோவான பாபெல்ஸ்பெர்க் சோவியத் மண்டலத்தில் சிக்கியிருந்தது. அதைவிடப் பெரிய இடி, கச்சாப் பிலிம் தயாரிக்கும் ஆக்ஃபாவின் வோல்ஃபன் தொழிற்சாலையும் அதே மண்டலத்தில் இருந்தது. முதலில் அங்கே நுழைந்தவர்கள் அமெரிக்கப் படையினர்தான். 1945 கோடையில், முன்னரே பேசி முடித்திருந்த எல்லைக்கோட்டின்படி, அவர்கள் அந்த ஊரைச் சோவியத் படையிடம் ஒப்படைத்துவிட்டுப் பின்வாங்கினார்கள். சிந்திக்க உரிமை உண்டு, கதை உண்டு, ஆள் உண்டு. ஆனால் காமிராவுக்குள் ஓட வேண்டிய பிலிம் எல்லைக்கு அந்தப் பக்கம்.

ஸ்டூடியோவும் லேபும் வேறு மாநிலத்தில் இருந்தால் ஒரு மொழியின் சினிமா என்ன பாடுபடும் என்பதை எங்கள் பக்கத்தார் நன்றாக அறிவர். மலையாளப் படங்கள் பல்லாண்டுகள் சென்னையையே நம்பியிருந்தன. 1975இல் கேரள அரசு திரைப்பட வளர்ச்சிக் கழகத்தைத் தொடங்கி, 1980இல் திருவனந்தபுரத்தில் சித்ராஞ்சலி ஸ்டூடியோவைக் கட்டியதன் நோக்கங்களில் ஒன்று அந்தச் சார்பைக் குறைப்பதே. அமைதிக் காலத்தில், ஒரே நாட்டுக்குள், ஓர் அரசே முன்வந்து செய்தும் அதற்கு அத்தனை காலம் பிடித்தது. பொம்மரின் முன்னால் இருந்த எல்லையோ துப்பாக்கியோடு காவல் இருந்த எல்லை.

சோவியத் தரப்பு இந்த விஷயத்தில் முந்திக்கொண்டது. 1946 மே 17 அன்று டெஃபா நிறுவனத்துக்கு உரிமம் கிடைத்தது; அக்டோபரிலேயே வோல்ஃப்காங் ஷ்டாவுடெயின் ‘கொலைகாரர்கள் நம்மிடையே’ வெளிவந்துவிட்டது. ஷ்டாவுடெ முதலில் மேற்குத் தரப்பு அதிகாரிகளிடம்தான் அந்தக் கதையைக் கொண்டுபோனார், அவர்கள் மறுத்துவிட்டார்கள் என்பதை நினைக்கும்போது, அமெரிக்க அலுவலகத்துக்குள் பொம்மர் ஏன் தேவைப்பட்டார் என்பது விளங்குகிறது. அங்கிருந்தோரில் பலருக்கு, ஜெர்மானியர்கள் இப்போதைக்குப் படம் பார்த்தால் போதும், எடுக்க வேண்டியதில்லை என்ற எண்ணம் இருந்தது. தங்கள் கதையைத் தாங்களே எடுத்துச் சொல்லாத ஒரு சமுதாயம் தன் குற்றத்தையும் தானே பார்க்காது என்பதை உணர்ந்த ஒருவர் அந்த நாற்காலியில் உட்கார வேண்டியிருந்தது.

1946–47 குளிர்காலம் ஐரோப்பாவே நடுங்கிய கொடுங்குளிர். நிலக்கரி இல்லாததால் தொழிற்சாலைகள் மூடப்பட்டன, மின்சாரம் மணிக்கணக்கு வைத்து விடப்பட்டது. ஆணியும் பலகையும் கண்ணாடியும் வீடு கட்டுவதற்கே கிடைக்காத ஊரில் செட் போட மரம் கேட்பதும், குளிரில் விறைக்கும் தளத்தைச் சூடாக்க நிலக்கரி கேட்பதும், பசியோடு வரும் தொழிலாளிக்குச் சாப்பாட்டு ஒதுக்கீடு கேட்பதும் எவ்வளவு கூச்சமான வேலையாக இருந்திருக்கும்! அந்தக் கூச்சத்தைத் தள்ளி வைத்து, பெர்லின் டெம்பெல்ஹோஃபிலும் மியூனிக் அருகே உள்ள கைசல்காஸ்டைக்கிலும் ஸ்டூடியோக்களை ஓடவைக்கும் பணியில் அவர் இறங்கினார். சேதம் குறைவாக இருந்த கைசல்காஸ்டைக், பாபெல்ஸ்பெர்க்கை இழந்த மேற்குப் பகுதிக்கு முக்கியத் தளமாக மாறியதில் அவருடைய பங்கு பெரிது.

அதையும்விடக் கடினமான கேள்வி, உரிமத்தை யாருக்குக் கொடுப்பது என்பது. நாஜி ஆட்சியில் படத்தொழிலில் இருக்க வேண்டுமானால் அரசின் திரைப்படச் சபையில் உறுப்பினராக இருந்தே ஆக வேண்டும் என்பதால், காமிரா பிடிக்கத் தெரிந்த எல்லோருமே ஏதோ ஒரு விதத்தில் அந்த அமைப்பின் நிழலில் நின்றவர்கள். 131 கேள்விகள் கொண்ட விசாரணைப் படிவத்தை நிரப்பி, சோதனையைத் தாண்டியவர்களுக்கே தொழிலில் இடம் என்பது விதி. பழைய சகாக்கள் பலருக்கும் பொம்மரே கடைசி நம்பிக்கை. 1933இல் அவர் வெளியேற்றப்பட்டபோது அதே ஸ்டூடியோவில் தொடர்ந்து வேலை செய்தவர்களும் அவர்களில் இருந்தார்கள்.

ஓர் உதாரணம். 1943இல் உஃபாவின் 25ஆம் ஆண்டு விழாவுக்காக எடுக்கப்பட்ட ‘முன்ஷ்ஹௌசன்’ என்ற வண்ணப் படத்தின் இயக்குநர் ஜோசஃப் ஃபான் பாக்கி. கதாநாயகன் ஹான்ஸ் ஆல்பர்ஸ், ‘நீல தேவதை’யிலும் நடித்தவர். அதே பாக்கியும் அதே ஆல்பர்ஸும் சேர்ந்து, அமெரிக்க உரிமத்தின் கீழ் 1947இல் ‘நமக்கு மேலே வானம்’ என்ற படத்தைக் கொடுத்தார்கள். இடிந்த பெர்லினுக்குத் திரும்பும் ஒருவன் கள்ளச்சந்தையில் இறங்குவதும், பார்வையிழந்து போரிலிருந்து வரும் அவன் மகனும் அந்தப் படத்தின் கதை. இதை ஏற்பதற்கு எனக்கு எளிதாக இல்லை. கோயபல்ஸின் காசில் விழாப் படம் எடுத்தவருக்கு, நாடு கடத்தப்பட்டவர் ஒருவரின் அலுவலகம் உரிமம் தருவதா என்ற கேள்வி நேர்மையானது. ஆனால் குற்றமற்றவர்கள் மட்டுமே படம் எடுக்கலாம் என்றால் விளக்கு தூக்கக்கூட ஆள் கிடைத்திருக்காது. சோதனையைத் தாண்டியவரிடம் எந்தக் கதையை எடுக்கிறாய் என்று கேட்டு, அந்தக் கதையின் வழியே அவரை நடத்திச் செல்வதுதான் செய்யக்கூடியதாக இருந்தது. அதைச் செய்தவர் பழி தீர்க்க எல்லா நியாயமும் உடையவர் என்பதால், அந்த நிதானத்தின் மதிப்பு என் கண்ணில் பன்மடங்கு உயர்கிறது. அதே மண்டலத்தில் 1948இல், படுகொலையிலிருந்து தப்பிய யூதர்களின் பார்வையிலேயே, இத்திஷ் மொழியும் ஜெர்மனும் போலிஷும் கலந்து பேசும் ‘நீண்டது பாதை’ என்ற படமும் எடுக்கப்பட்டது.

எதிர்ப்பு ஜெர்மானியரிடமிருந்து மட்டும் வரவில்லை. ஹாலிவுட் நிறுவனங்கள் 1945இல் தங்களுக்கென்று ஓர் ஏற்றுமதிச் சங்கம் அமைத்து, ஐரோப்பியச் சந்தையைத் தங்கள் படங்களுக்குத் திறந்துவிடும்படி அழுத்தம் கொடுத்துவந்தன. அமெரிக்கச் சீருடை அணிந்த ஒருவர் ஜெர்மன் படத்தொழிலைத் தூக்கி நிறுத்துவது அவர்களுக்குப் பிடிக்கவில்லை. ஜெர்மானியர்களுக்கோ எல்லாம் ஏன் இவ்வளவு தாமதம் என்ற மனக்குறை. இரண்டு அரசுகளின் அலுவலகங்களுக்கு இடையே ஒரே கோப்பைச் சுமந்து நடந்தவர்களுக்கு இது புரியும். வாளையாறு வழியாகவோ வேலந்தாவளம் வழியாகவோ செட் சாமான் ஏற்றிய லாரியைக் கொண்டுவந்த எங்கள் அனுபவம் மிகச் சிறியது என்றாலும், இரு பக்கமும் சந்தேகத்தோடு பார்க்கப்படும் இடைநிலை மனிதரின் களைப்பை அது ஓரளவு உணர்த்துகிறது.

1948 ஜூன் 20 அன்று மேற்கு மண்டலங்களில் நாணயம் மாற்றப்பட்டது. ஆளுக்கு முதலில் 40 புதிய மார்க் கொடுக்கப்பட்டது. பழைய மார்க்கில் இருந்த சேமிப்பு பத்தில் ஒரு பங்குக்கும் கீழே இறங்கியது. அதுவரை பணத்துக்கு வாங்கப் பொருள் இல்லாததால் சினிமாவுக்கு வந்த கூட்டம், கடைகளில் பொருள் நிரம்பியதும் டிக்கெட்டுக்குக் காசு கொடுக்க யோசித்தது. பழைய மார்க்கில் முதல் போட்டுப் படம் எடுத்த புதிய நிறுவனங்களின் கையிருப்பு ஒரே நாளில் கரைந்தது. அதன்பின் விநியோகஸ்தரின் முன்பண உத்தரவாதத்தை நம்பியே படம் தொடங்க வேண்டியதாயிற்று. நம் தொழிலில் எம்ஜி (மினிமம் கேரண்டி) என்று சொல்லி வாங்கும் தொகையின் சாதகமும் ஆபத்தும் அதில் அப்படியே உண்டு: படம் நிச்சயமாக முடியும், ஆனால் எந்த நடிகர், எத்தனை பாட்டு என்பதை விநியோகஸ்தரே முடிவுசெய்வார். 1950களின் மேற்கு ஜெர்மன் சினிமா மலைக்காட்சிகளும் பாட்டுகளும் நிறைந்த பாதுகாப்பான கதைகளுக்குள் ஒதுங்கியதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

1949இல் பதவியை விட்டு விலகுவதற்கு முன் அவர் துணைநின்று உருவாக்கிய அமைப்பு ஒன்று இன்றும் வீஸ்பாடன் நகரில் இயங்குகிறது. அரசின் தணிக்கைக்கு மாற்றாக, படத்தொழிலே பொது அமைப்புகளின் பிரதிநிதிகளையும் சேர்த்துக்கொண்டு படங்களைப் பார்த்து வயதுவாரியாகச் சான்று வழங்கும் தன்னார்வக் கட்டுப்பாட்டு அமைப்பு அது. கோயபல்ஸின் அமைச்சகம் கதை முதல் கடைசி ரீல் வரை கைவைத்திருந்த நாட்டில், கட்டுப்பாட்டு அதிகாரி என்ற பதவிப் பெயரோடு வந்தவர், அந்த அதிகாரத்தை அரசிடம் திரும்பக் கொடுக்காமல் தொழிலிடம் ஒப்படைக்க வழி செய்துவிட்டுப் போனார். நம் நாட்டில் 1952ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் இன்றும் மத்திய அரசின் வாரியமே சான்றிதழ் தருவதைப் பார்க்கும்போது, அந்த ஏற்பாட்டின் தொலைநோக்கு எனக்கு வியப்பைத் தருகிறது.

தமிழ் வாசகர்கள் இதைப் படிக்கையில் இலங்கையை நினைக்காமல் இருக்க முடியாது. 1953இல் ‘சுஜாதா’ என்ற சிங்களப் படத்தைத் தயாரித்து வெற்றி கண்ட கே. குணரத்தினம் ஒரு தமிழர்; ஹெந்தலையில் அவருக்கிருந்த விஜயா ஸ்டூடியோ 1983 ஜூலைக் கலவரத்தில் எரிக்கப்பட்டது, 1989இல் அவரும் சுட்டுக் கொல்லப்பட்டார். 2009க்குப் பின் யாழ்ப்பாணத்திலும் வன்னியிலும் இளைஞர்கள் கையில் கிடைத்த காமிராவால் குறும்படங்கள் எடுக்கிறார்கள். கருவி மலிந்துவிட்டதால் கச்சாப் பிலிமின் பஞ்சம் இன்று இல்லை. திரையரங்கு, விநியோகம், அச்சமில்லாமல் ஒரு கதையைச் சொல்லும் இடம், பயிற்சி பெற்ற தொழிலாளர்களுக்குத் தொடர்ந்து வேலை ஆகியவை வேண்டும். அவற்றை ஒன்றுசேர்க்கத் தெரிந்த, இரு பக்கத்தாரிடமும் பேசக்கூடிய தயாரிப்பாளர்கள் அங்கே உருவாக வேண்டும் என்பது என் உள்ளார்ந்த விருப்பம்.

பொம்மர் 1951இல் மியூனிக்கில் இன்டர்கான்டினென்டல் ஃபிலிம் என்ற நிறுவனத்தைத் தொடங்கி மீண்டும் தயாரிப்பாளரானார். ஹான்ஸ் ஆல்பர்ஸும் ஹில்டெகார்ட் க்னெஃபும் நடித்த ‘இரவில் சாலைகளில்’ 1952இல் வெளிவந்து பாராட்டுப் பெற்றது. 1955இல் வந்த ‘பிள்ளைகள், தாய்மார்கள், ஒரு தளபதி’, போரின் கடைசி நாள்களில் முனைக்கு அனுப்பப்பட்ட சிறுவர்களை மீட்டுவரத் தாய்மார்கள் புறப்படும் கதை. மேற்கு ஜெர்மனி மீண்டும் ராணுவம் அமைத்துக்கொண்டிருந்த அதே ஆண்டில் அப்படியொரு போர் எதிர்ப்புப் படத்தை எடுத்ததற்காகவே அவரை வணங்கத் தோன்றுகிறது. அதன்பின் அவர் பெரிய படம் எதுவும் எடுக்கவில்லை. 1956இல் கலிபோர்னியாவுக்குத் திரும்பி, 1966 மே 8 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

அவரை அறிய விரும்புவோர் ‘மெட்ரோபோலிஸ்’ஸிலிருந்து தொடங்க வேண்டாம் என்பது என் பரிந்துரை. முதலில் 1947ஆம் ஆண்டின் ‘நமக்கு மேலே வானம்’ படத்தைப் பாருங்கள்; கதை சில இடங்களில் தளர்ந்து பாட்டுக்குள் ஒதுங்கினாலும், இடிபாடுகள் உண்மையான பெர்லினுடையவை. அடுத்து 1949இல் வந்த ‘அழைப்பு’. நாஜிகளால் வெளியேற்றப்பட்டு நாடு திரும்பிய ஃபிரிட்ஸ் கோர்ட்னர் தாமே எழுதி, கலிபோர்னியாவிலிருந்து ஜெர்மன் பல்கலைக்கழகத்துக்குத் திரும்பிவந்து பழைய வெறுப்பை மறுபடியும் சந்திக்கும் யூதப் பேராசிரியராகத் தாமே நடித்த படம் அது. இயக்கியவர் அதே பாக்கி. இரண்டையும் பார்த்தபின் 1920களின் படங்களுக்குப் போகலாம்.